முழங்காலோடு முடியவில்லை

ஆசிரியருக்கு,

கொலம்பியக் கால்பந்து வீரர் ஃபல்காவ் என்றதும் பலருக்கு இங்கிலாந்தின் மான்செஸ்டர் யுனைடெட்டில் 4 கோல் மட்டும் அடித்த அந்த 2014-15 பருவம்தான் நினைவுக்கு வருகிறது. அதை மட்டும் வைத்து அவரை எடைபோடுவது அநியாயம்.

ஐரோப்பிய கிளப்புகள் மோதும் யூரோப்பா லீக்கில், 2010-11இல் போர்ச்சுகலின் போர்ட்டோவுக்காக 17 கோல். டப்ளின் இறுதியாட்டத்தின் ஒரே கோலும் அவர் தலையால் முட்டியதுதான். மறு ஆண்டு அட்லெட்டிகோ மாட்ரிட் அதே கோப்பையை வென்ற இறுதியில் இரண்டு கோல். 2012 ஐரோப்பிய சூப்பர் கோப்பையில் செல்சிக்கு எதிராக முதல் பாதியிலேயே மூன்று!

உயரம் 1.77 மீட்டர்தான். நெட்டையான தடுப்பாட்டக்காரர்களை அவர் வென்றது நேரக் கணிப்பால். முதலில் தடுப்பாட்டக்காரரின் முதுகுப்பக்கம் ஒளிந்துகொள்வார். பக்கவாட்டிலிருந்து கோல் முன்னே அடிக்கும் கிராஸ் பந்து கிளம்பியதும் ஓரடி முன்னே பாய்ந்து, எதிராளி எழும்புவதற்குள் காற்றில் இருப்பார்.

2014 ஜனவரியில் மொனாக்கோவுக்காக ஆடியபோது இடது முழங்காலின் முன்குறுக்குத் தசைநார் அறுந்தது. அந்த ஆண்டு உலகக் கோப்பையில் ஆடும் வாய்ப்பு போயிற்று. அந்தத் தசைநார்தான் திடீரென நின்று திரும்பும்போது மூட்டைப் பிடித்து நிறுத்துவது. அதை மாற்றிப் பொருத்தினாலும் பழைய பாய்ச்சல் வேகம் உடனே திரும்பாது. இங்கிலாந்தில் நாம் பார்த்தது அதைத்தான்.

பிறகு 2016-17இல் அணித் தலைவராக மொனாக்கோவுக்கு பிரெஞ்சு லீக் பட்டம், அதில் 21 கோல். 2018இல் போலந்துக்கு எதிராக உலகக் கோப்பைக் கோலும் வந்தது, அவரது 32ஆவது வயதில்.

- ஒரு வாசகர்