கசக்கிறது என்று பிடுங்கிவிடாதீர்கள்

அன்புள்ள பெற்றோர்களுக்கு, வணக்கம்.

வரும் வெள்ளிக்கிழமை ஆறு, ஏழு, எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் ஆளுக்கு நான்கு நாற்றுகளோடு வீட்டுக்கு வருவார்கள். பார்க்க லெட்யூஸ் நாற்று மாதிரி இருக்கும். அது ரடிக்கியோ. இத்தாலியில் விரும்பிச் சாப்பிடும் சிவப்புக் கீரை. கோஸ் மாதிரி உருண்டு வரும், ஆனால் சிறியது.

போன வருடமும் இந்த நாற்றைக் கொடுத்தோம். டிசம்பரில் உருண்ட கீரையை அறுத்த வீடுகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். பிள்ளைகளைக் கேட்டேன். "அது உருளவே இல்லை டீச்சர், பச்சையாவே நின்னுச்சு, அம்மா பிடுங்கி மாட்டுக்குப் போட்டுட்டாங்க" என்றான் ஒருவன். இன்னொரு வீட்டில் பாட்டி இலையைக் கடித்துப் பார்த்துவிட்டுத் துப்பிவிட்டாராம். உங்களைக் குறை சொல்ல மாட்டேன். நாற்றைக் கொடுத்தோமே தவிர, அதைப் பற்றி நாங்கள் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

கசப்பு அதன் பிறவிக் குணம். நம் காபித்தூளில் கலக்கிற சிக்கரியும் இதுவும் ஒரே இனம். வேர் பருக்கிற வகையை வறுத்து அரைத்தால் காபிக்குப் போகிறது. இலை உருள்கிற வகை ரடிக்கியோ. இலைக்காம்பை ஒடித்தால் வெள்ளையாகப் பால் வரும், பிள்ளையை ஒடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். கசப்பு அந்தப் பாலில்தான் இருக்கிறது. பூச்சியும் புழுவும் தின்றுவிடாமல் இருக்கச் செடி வைத்துக்கொண்ட காவல் அது.

முதல் இரண்டு மாதம் இலை பச்சையாகத்தான் விரியும். ராத்திரிக் குளிர் இறங்க இறங்கத்தான் நடுவில் இலைகள் ஒன்றையொன்று மூடிக்கொள்ளும், சிவப்பு ஏறும், கசப்புக்குள் கொஞ்சம் இனிப்பும் வரும். உறைபனி என்றாலே நமக்குப் பயம். தேயிலை கருகும், உருளைக்கிழங்குச் செடி ஒரே ராத்திரியில் கறுத்துப்போகும். நம் நீலகிரியில் தலைக்குந்தா, அவலாஞ்சிப் பக்கம் இருப்பவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் வளர்ந்து நிற்கிற ரடிக்கியோவுக்கு லேசான உறைபனி நல்லது. இத்தாலியின் ட்ரெவிஸோ ஊரில் பனி விழுந்த பிறகுதான் ஒரு வகையை வேரோடு எடுத்து, இருட்டான கொட்டகையில் ஊற்றுநீரில் நிற்க வைத்து, உள்ளே புதுக் குருத்து வரவைக்கிறார்கள். நம் கொடைக்கானல் மலைப்பூண்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்த மாதிரி, அந்த ட்ரெவிஸோ ரடிக்கியோவுக்கு 1996-லேயே ஐரோப்பாவில் கிடைத்துவிட்டது.

போன டிசம்பரில் ஒரு காலை. பள்ளித் தோட்டத்தில் இலை ஓரமெல்லாம் உப்பு தூவினது போல வெள்ளையாக இருந்தது. வெளி இலைகள் துவண்டு, கொழகொழவென்று கிடந்தன. ஏழாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி, "செத்துப்போச்சு டீச்சர்" என்று முகம் வாடி நின்றாள். உரித்துப் பார் என்றேன். நாலைந்து இலை போனதும் உள்ளே பீட்ரூட்டைவிட ஆழ்ந்த சிவப்பு, நடுவே வெள்ளை நரம்பு, தொட்டால் ஐஸ் மாதிரி. கடித்துவிட்டு, "முதல்ல கசக்குது, அப்புறம் வேற மாதிரி இருக்கு" என்றாள். அந்த முகத்தை உங்கள் பிள்ளையிடம் நீங்களும் பார்க்க வேண்டும் என்பதுதான் என் ஆசை.

சரி, நடுகிற விஷயம். செடிக்குச் செடி ஓரடி இடைவெளி விடுங்கள். குருத்து மண்ணுக்கு மேலேயே இருக்கட்டும், புதைந்தால் அழுகிவிடும். மக்கின சாணி எரு போதும். யூரியா வேண்டாம், போட்டால் இலை மட்டும்தான் கொழுக்கும். மண் காய்ந்தும் விடக்கூடாது, காய்ந்தால் கசப்பு கூடும். நத்தை வரும், சாயங்காலம் டார்ச் வைத்துப் பிள்ளையையே பொறுக்கச் சொல்லுங்கள். மருந்து மட்டும் தயவுசெய்து அடிக்காதீர்கள். பச்சையாகத் தின்கிற இலை, அதுவும் பிள்ளைகள் தின்பது. காட்டுப்பன்றி இறங்குகிற வீடுகளில் பழைய வாளியில் அடியில் ஓட்டை போட்டு ஒவ்வொரு செடியாக வைத்து, வாசல் பக்கம் வைத்துக்கொள்ளலாம்.

கட்டை விரலால் அழுத்தினால் கெட்டியாக இருக்க வேண்டும், அப்போது அறுக்கலாம். வேரை விட்டுவிட்டு அறுத்தால் சின்னச் சின்ன இலை திரும்பவும் துளிர்க்கும். நறுக்கி அரை மணி நேரம் குளிர்ந்த தண்ணீரில் போட்டால் கசப்பு குறையும். வெங்காயம் வதக்கி, தேங்காய் போட்டு, துளி வெல்லம் சேர்த்துப் பொரியல் செய்தால் பாகற்காய் சாப்பிடுகிறவர்கள் கட்டாயம் சாப்பிடுவார்கள். வெந்ததும் சிவப்பு போய்ப் பழுப்பாகும், பயப்பட வேண்டாம். ஒரு செடியை மட்டும் அறுக்காமல் விட்டுவைத்தால் தண்டு நீண்டு நீல நிறத்தில் பூக்கும்.

தண்ணீர் ஊற்றுவதும் களை எடுப்பதும் பிள்ளையின் வேலையாக இருக்கட்டும். உருளவில்லை என்று தோன்றினால் பிடுங்குவதற்கு முன்னால் ஒரு நடை பள்ளிக்கு வந்து என்னிடம் சொல்லுங்கள், நானே வந்து பார்க்கிறேன்.

வெள்ளிக்கிழமை பிள்ளையிடம் அட்டைப்பெட்டியோ தூக்குவாளியோ கொடுத்தனுப்புங்கள், பிளாஸ்டிக் பை வேண்டாம். வேரில் ஈரம் இருக்கும்போதே, அன்று சாயங்காலமே நட்டுவிட வேண்டும்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்