ஃபிளாக் ஆனாலும் எம்பி3 எம்பி3தான்

அன்புள்ள செல்வம்,

நலம். வீட்டில் எல்லாரும் சுகம்தானே? ஆறு மாதமாக ஒரு வரி போடவில்லை, மன்னித்துக்கொள். இப்போதும் நீ அனுப்பிய ஹார்டு டிஸ்க்தான் எழுத வைக்கிறது.

அதில் நீ சிடியிலிருந்து எடுத்துப் போட்ட எண்பதுகளின் சினிமாப் பாட்டுத் தொகுப்பு ஐந்தையும், ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ‘ஸ்பெக்’ மென்பொருளில் போட்டுப் பார்த்தேன். மூன்று தொகுப்பில் எல்லாப் பாட்டும் 16 கிலோஹெர்ட்ஸில் கத்தி வைத்து வெட்டினாற்போல் நிற்கிறது. ஒலியில் கொஞ்சத்தை எறிந்துவிட்டுச் சுருக்கும் எம்பி3-இல், 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) வகையின் முத்திரை அது. எவரோ எம்பி3-ஐ ஆடியோ சிடியாக எழுதி அட்டை போட்டு விற்றிருக்கிறார்கள். நீ அதை, எதையும் இழக்காமல் சுருக்கும் ஃபிளாக் கோப்பாக ஆக்கிவிட்டாய், மகராசா! 5 நிமிடப் பாட்டு எம்பி3 ஆக 5 எம்பியில் (மெகாபைட்) அடங்கியிருக்கும், இப்போது 25 எம்பி. போன ஒலி திரும்பவில்லை. ஃபிளாக் கோப்புக்குள் இருக்கும் எம்டி5 சோதனை ‘சரி’ என்றுதான் காட்டும். உள்ளே போனது அப்படியே வெளிவருகிறதா என்று மட்டுமே அது பார்க்கும், பூர்வீகம் விசாரிக்காது.

உடனே அழிக்கக் கிளம்பாதே. கேசட்டிலிருந்து எடுத்ததிலும் 15 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் அதிகம் இருக்காது. ஆனால் அது மெல்ல மங்கும், மேலே டேப் இரைச்சல் பொடியாகத் தூவியிருக்கும். எம்பி3-இல் வெட்டுக்கு மேல் வெறும் கறுப்பு. 320 கேபிபிஎஸ் எம்பி3 என்றால் வெட்டு 20-க்குப் பக்கத்தில் விழும், கண் ஏமாறும்.

நான்காவது தொகுப்பின் ஏழாம் பாட்டு அசல்தான், ஆனால் அரைக் கட்டை ஏறி நிற்கிறது. இசைத்தட்டு 6 சதவீதம் வேகமாகச் சுழன்றிருக்கிறது. ஆடாசிட்டி ஒலித்தொகுப்பு மென்பொருளில் சுருதியை மட்டும் இறக்காதே, வேகத்தையே 5.6 சதவீதம் குறை. மாற்றாத பிரதியும் இருக்கட்டும்.

என் கவலை வேறு. நான்கு, ஐந்து இரண்டும் இசைத்தட்டிலிருந்து நேராக எடுத்தவை, நடுநடுவே ‘டிக் டிக்’ சத்தம் அப்படியே இருக்கிறது. அவற்றை எழுதி வைத்த சிடி-ஆர்கள் (நாமே எழுதும் சிடி, நாளாக ஆகக் கெடக்கூடியது) இன்னும் உன்னிடம் உண்டா? இந்த வாரமே மறுபடி எடு. சிடியை நகலெடுக்கும் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி மென்பொருளில் செக்யூர் முறை, வேகம் 8. பிறர் எடுத்த நகலோடு ஒப்பிட்டுப் பார்க்கும் அக்யுரேட்ரிப் உதவாது, இந்த மாதிரித் தட்டுகள் அதன் பட்டியலில் இருப்பதில்லை. அதனால் ‘டெஸ்ட் அண்ட் காப்பி’ போட்டு இரண்டு முறை எடுத்ததன் சிஆர்சியும் (சரிபார்ப்பு எண்) ஒன்றா என்று பார். ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரை மட்டும் உரிக்காதே! பளபளப்புப் படலம் அதன் அடியில்தான், மெல்லிய வார்னிஷ் மட்டுமே காவல். கூடவே பெயர்ந்து வந்தால் பாட்டும் போச்சு.

டிரைவ் திணறினால் முருகேசன் அண்ணனிடம் அந்தப் பழைய பிளெக்ஸ்டர் சிடி டிரைவை வாங்கிக்கொள். நகலெடுத்த விவரம் பதிவாகும் லாக் கோப்பையும் சேர்த்து அனுப்பு, மறந்துவிடாதே.

அன்புடன்,
குமார்