அந்தப் பந்து யாருடையது

கொழிஞ்சாம்பாறை
16.02.2025

அன்புள்ள மரகதம்,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. போனில் நாலு வரி தட்டி அனுப்பலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். நீ நாலு பக்கம் கையால் எழுதியிருக்கும்போது அது நியாயமில்லை. அதனால் பள்ளிக்கூட நோட்டில் தாள் கிழித்து உட்கார்ந்திருக்கிறேன்.

முழங்கால் ஆபரேஷனுக்குப் பிறகு படி ஏறுகிறாய் என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது. அவசரப்படாதே. இங்கே எல்லோரும் நலம். தை முடிந்தும் கிழக்குக் காற்று அடங்கவில்லை. கணவாய் வழியாக வந்து பனைமரங்களை ஒரு உலுக்கு உலுக்கிவிட்டுப் போகிறது. காலையில் வாலிபால் கோர்ட்டில் சுண்ணாம்புக் கோடு போட்டால் எட்டு மணிக்குள் பாதி பறந்துவிடுகிறது. இந்த ஆண்டு என்னிடம் பழகப் பதினாலு பெண்கள் வருகிறார்கள். ஒன்பது பேர் வீட்டில் தமிழ், மற்றவர்கள் மலையாளம். பந்து மேலே போனால், அது என் பந்து என்று சொல்ல எல்லோரும் ஒரே மாதிரி "மைன்!" என்றுதான் கத்துகிறார்கள்.

உன் மகளைப் பற்றி எழுதியதை மூன்று தடவை படித்தேன். வருடம் முழுக்க ஜெயித்துவிட்டு அந்த ஒரு மேட்சில் தோற்று வந்து, அறைக் கதவைச் சாத்திக்கொண்டு இரண்டு நாள் சாப்பிடவில்லை என்கிறாய். "தோல்வியெல்லாம் சகஜம் என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை" என்றும் எழுதியிருக்கிறாய். கேட்க மாட்டாள் மரகதம். அடிக்கடி தோற்கிறவர்களுக்குத்தான் அது சகஜம். ஜெயித்தே பழகிய அணிக்குத் தோல்வி எப்படி இருக்கும் என்று நம் இருவருக்கும் தெரியும்.

என் தம்பி மகன் அமெரிக்காவில் ஒமாஹாவில் இருக்கிறான் என்று சொல்லியிருக்கிறேனே. நெப்ராஸ்கா மாநிலம். எங்கே பார்த்தாலும் சோளக்காடுதானாம். அங்கே லிங்கன் நகரத்துப் பல்கலைக்கழகத்தின் பெண்கள் வாலிபால் அணி என்றால் ஊரே உயிரை விடும். அந்தப் பைத்தியம் அவனுக்குப் பிடித்து, அவன் வழியாக எனக்கும் தொற்றிக்கொண்டது.

2023 ஓணம் விடுமுறை. ஆகஸ்ட் 31 காலை ஐந்தரை மணி, அங்கே முந்தின நாள் மாலை. கோர்ட்டில் வெளிச்சம் வருவதற்கு முன் வீடியோ கால் வந்தது. எடுத்தால் ஒரே இரைச்சல், சிவப்புச் சட்டைக் கடல். அவர்களுடைய அமெரிக்கக் கால்பந்து ஸ்டேடியத்தின் நடுவே ஒரு வாலிபால் கோர்ட் போட்டு ஒமாஹா அணியோடு ஆடினார்கள். பார்க்க வந்தவர்கள் 92,003 பேர். அதற்கு முந்தின ஆண்டு பார்சிலோனாவில் ஒரு பெண்கள் கால்பந்துப் போட்டிக்கு 91,648 பேர் வந்ததுதான் அதுவரை பெண்கள் விளையாட்டில் அதிகாரபூர்வமாகச் சொல்லப்பட்ட பெரிய கணக்கு. அதையும் தாண்டிவிட்டார்கள். நம் பெண்கள் எல்லோரும் என் தோள்மேல் தலையை வைத்து அந்தச் சின்னத் திரைக்குள் பார்த்தார்கள். ஒருத்தி கேட்டாள், "டீச்சர், இவ்ளோ பேரும் பொண்ணுங்க ஆடறதப் பாக்கவா வந்தாங்க?" ஆமாம் என்றேன். அதற்கு மேல் எனக்குப் பேச்சு வரவில்லை. நாம் ஆடும்போது கோர்ட்டைச் சுற்றி எத்தனை பேர் இருந்தார்கள், அதில் எத்தனை பேர் ஆட்டத்தைப் பார்க்க வந்தார்கள் என்று உனக்கே தெரியும்.

அன்றிலிருந்து அந்த அணியை விடாமல் பின்தொடர்ந்தேன். அடிப்பவர்களுக்குப் பந்தைத் தூக்கிக் கொடுக்கிற செட்டர் பெர்கன் ரெய்லி முதலாண்டு மாணவி. வந்து சில மாதம்கூட ஆகாத பெண், பத்து வருடம் ஆடியவள் மாதிரி பந்தைப் பிரித்துக் கொடுக்கிறாள். பின்வரிசையில் லிபெரோ லெக்ஸி ரோட்ரிகஸ். நம் காலத்தில் லிபெரோ என்ற ஆளே கிடையாது, 1998-இல்தான் உலக அளவில் வந்தது. அடிக்கவும் பிளாக் செய்யவும் உரிமை இல்லாத, பந்தைக் காப்பாற்றுவதற்கென்றே வேறு நிறச் சட்டையில் நிற்கிற ஆள். நமக்கு அப்போது ஒரு லிபெரோ இருந்திருந்தால் என்று நான் நினைக்காத நாள் இல்லை.

அந்த சீசனில் அவர்கள் 27 மேட்ச் தொடர்ந்து ஜெயித்தார்கள். அக்டோபரில் விஸ்கான்சினை லிங்கனில் ஐந்து செட் ஆடி வென்றார்கள். நவம்பர் கடைசியில் அதே விஸ்கான்சினின் ஊருக்குப் போய் மூன்றே செட்டில் தோற்றார்கள். அதுதான் முதல் தோல்வி. அப்புறம் மறுபடி ஜெயித்து, ஜெயித்து, டாம்பாவில் தேசியக் கல்லூரிப் போட்டியின் இறுதி ஆட்டம் வரை வந்தார்கள். எதிரே டெக்சாஸ். நம் நேரப்படி டிசம்பர் 18 நள்ளிரவு தாண்டி ஒன்றரை மணி. தம்பி மகன் டிவிக்கு முன்னால் போனைப் பிடித்துக்கொண்டான். நான் போர்வையைப் போர்த்திக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்திருந்தேன்.

25-22. 25-14. 25-11. அந்த எண்களை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பார். முதல் செட்டில் சமமாக நின்ற அணி, அடுத்த செட்டில் சரிந்து, மூன்றாவதில் இல்லாமலே போய்விட்டது. அடியில் தோற்கவில்லை, செர்வில் தோற்றார்கள். டெக்சாஸ் பெண்கள் போட்ட செர்வ் ஒவ்வொன்றும் ரிசீவை, அதாவது செர்வை வாங்கும் முதல் தொடுதலை, உடைத்தது. ரிசீவ் கோணினால் செட்டர் ஓடிப்போய்த்தான் பந்தை எடுக்க வேண்டும். ஓடிப்போனால் ஒரு பக்கம்தான் கொடுக்க முடியும். எதிரணி பிளாக் அங்கே போய்க் காத்துக்கொண்டு நிற்கும். நாட்டிலேயே சிறந்த லிபெரோ நின்ற அணிக்கு அது நடந்தது. டெக்சாஸில் நடுவே ஆடிய அஸ்ஜியா ஓ'நீலும் அன்றைக்கு செர்வில் நெப்ராஸ்காவைத் திணறடித்தவர்களில் ஒருத்தி. இரண்டு தடவை இதய அறுவை சிகிச்சை செய்துகொண்ட பெண் அவள். அவள் பந்தைத் தூக்கும்போதெல்லாம் எனக்கு அடிவயிறு கலங்கியது. யாருக்காகக் கலங்கியது என்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

33 வெற்றி, 2 தோல்வி என்று அந்த சீசன் முடிந்தது. அடுத்த ஆண்டு 33 வெற்றி, 3 தோல்வி. அந்த மூன்றில் இரண்டு பென் ஸ்டேட் அணியிடம். கடைசியாக நடந்தது, போன டிசம்பரில் லூயிவில் நகரத்து அரையிறுதி. முதல் இரண்டு செட்டை எடுத்துவிட்டார்கள். நாலாவது செட்டில் மேட்ச் பாயின்ட் வரை போனார்கள். அதை 28-26 என்று விட்டு, ஐந்தாவதையும் 15-13 என்று விட்டார்கள். இங்கே காலை நேரம், நான் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பிச் செருப்புப் போட்டவள் வாசலிலேயே நின்றுவிட்டேன்.

பென் ஸ்டேட்டுக்கும் இது தெரியாத வலி இல்லை. ஒரு காலத்தில் அவர்கள் 2007-இல் தொடங்கி 109 மேட்ச் தோற்காமல் ஆடியவர்கள். 2007 கடைசியில் தொடங்கி 2008 வரை ஒரு செட்கூட விடாமல் 111 செட் தொடர்ந்து எடுத்தார்கள். அந்த செட் வரிசையை 2008 அரையிறுதியில் உடைத்தது யார் தெரியுமா? இதே நெப்ராஸ்கா. இரண்டு செட்டை உருவி எடுத்தார்கள், ஆனாலும் மேட்சை பென் ஸ்டேட்தான் ஜெயித்தது. 109-க்கு முற்றுப்புள்ளி 2010 செப்டம்பரில் ஸ்டான்ஃபோர்டிடம் விழுந்தது. அந்த ஆண்டு இன்னும் சில மேட்ச் தோற்று, கடைசியில் கோப்பையையும் அவர்களே எடுத்தார்கள்.

இந்த முறை பென் ஸ்டேட்டின் கோச் கேட்டி ஷூமாக்கர்-கௌலி. மார்பகப் புற்றுநோய்க்கு கீமோ எடுத்துக்கொண்டே சீசன் முழுவதும் கோர்ட் ஓரத்தில் நின்றார். இறுதிப் போட்டியில் லூயிவில் அணியை வென்றார்கள். 1981-இலிருந்து நடக்கிற அந்தக் கல்லூரிப் போட்டியில் கோப்பையை வென்ற முதல் பெண் தலைமைக் கோச் அவர்தான். நாற்பது வருடத்துக்கு மேல் ஆகியிருக்கிறது! படித்ததும் கோபமும் சந்தோஷமும் சேர்ந்தே வந்தன. நம்மையும் மாஸ்டர்கள்தானே பழக்கினார்கள். நான் விசிலைக் கழுத்தில் மாட்டியபோது ஊரில் என்னவெல்லாம் பேசினார்கள் என்று உனக்கு எழுதியிருந்தேன்.

நெப்ராஸ்காவுக்கும் இப்போது பெண் கோச். 25 சீசன் நடத்திய ஜான் குக் போன மாதக் கடைசியில் ஓய்வு பெற்றார். அந்த இடத்துக்கு டேனி பஸ்பூம் கெல்லி வருகிறார். இறுதிப் போட்டியில் பென் ஸ்டேட்டிடம் தோற்ற லூயிவில் அணியின் கோச் அவர்தான். 2006-இல் நெப்ராஸ்கா கோப்பை வென்றபோது அவரே அதில் லிபெரோ. அதற்கு முன் செட்டராக ஆடியவரைக் கடைசி ஆண்டில் பின்வரிசைக்கு மாற்றினார்களாம். ரிசீவின் அருமை தெரிந்த ஒருத்தி வருகிறாள் என்று எனக்குத் தனி சந்தோஷம்.

சரி, இனிமேல்தான் நான் எழுத உட்கார்ந்த விஷயம்.

டாம்பா மேட்ச் முடிந்த பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. 1995 கண்முன்னே வந்து நின்றது. கோட்டயத்து மைதானம், நாலாவது செட், இரண்டுக்கு ஒன்று என்று நாம் முன்னால். அந்த வருடம் ஒரு மேட்ச்கூட விடாத அணி நாம். 14-9. ஒரே ஒரு பாயின்ட். இப்போதைய கணக்கு என்றால் அவர்கள் ஒரு செர்வை வெளியே அடித்தாலே நமக்குப் போதும். அப்போது செர்வ் போடுகிறவர்களுக்குத்தான் பாயின்ட். செர்வைப் பிடுங்கினால்தான் நமக்கு வழி. அந்த உயரமான பெண் செர்வுக்கு வந்தாள். சுழற்சியே இல்லாமல் உள்ளங்கையால் தட்டுவாள், நினைவிருக்கிறதா? பந்து நேராக வருகிற மாதிரி வந்து, காற்றில் ஒரு தள்ளாட்டம் தள்ளாடி, கடைசி ஒரு கஜத்தில் விழும். 10, 11, 12, 13, 14.

14-14-இல் நீ திரும்பி என்னிடம், "ஷார்ட்டா வந்தா நான், ஆழமா வந்தா நீ" என்றாய். நான் தலையாட்டினேன். பந்து ஆழமாக வந்தது. உன் வலது தோளுக்குப் பின்னால், என் இடது காலுக்கு ஓரடி முன்னால். அவள் கையை விட்ட உடனேயே எனக்குத் தெரிந்துவிட்டது அது எங்கே விழும் என்று. முழங்காலை மடக்கினேன். வாய் திறக்கவில்லை. "மைன்" என்று ஒரு சொல், அது வரவில்லை. நீ நான் எடுப்பேன் என்று விட்டாய். நான் நின்றேன். செம்மண்ணில் பந்து பட்ட இடத்தில் ஒரு பிறைக் குழி விழுந்தது. இன்றும் அந்தக் குழி எனக்குத் தெரிகிறது.

மாஸ்டர் உன்னைத்தான் திட்டினார். எல்லோர் முன்னாலும். "உன் பக்கத்துப் பந்தை வேடிக்கை பார்க்கிறாயா" என்று. 16-14 என்று அந்த செட் போனதும், ஐந்தாவதில் உன்னை வெளியே உட்கார வைத்தார். நீ ஒரு வார்த்தை பேசவில்லை. துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தாய். நானும் பேசவில்லை. ரயிலில் திரும்பி வரும்போது நீ எனக்கு ஆரஞ்சு உரித்துக் கொடுத்தாய். அதை வாங்கிச் சாப்பிட்டேன்.

முப்பது வருடமாக உன்னிடம் சொல்லாமல் வைத்திருக்கிறேன். அந்தப் பந்து என்னுடையது மரகதம். நீ வைத்த எல்லையில், எனக்கென்று வந்த பந்து. உனக்கு இது அப்போதே தெரிந்திருக்கலாம். தெரிந்துதான் ஆரஞ்சு கொடுத்தாயோ என்றுகூட நினைத்திருக்கிறேன். ஆனாலும் என் வாயால் சொல்லியிருக்க வேண்டும், அன்றைக்கே, மாஸ்டர் முன்னால். மன்னித்துவிடு.

நான் இங்கே பெண்களுக்கு முதல் நாளில் கற்றுக்கொடுப்பது அடியும் இல்லை, செர்வும் இல்லை. இரண்டு பேரை நிறுத்தி நடுவே பந்தைப் போடுவேன். யார் கத்துகிறாளோ அவள் எடுக்க வேண்டும். தப்பாக எடுத்தாலும் பரவாயில்லை, கத்தாமல் நின்றால் கோர்ட்டைச் சுற்றி ஒரு ஓட்டம். காற்றடிக்கிற நாளில் வேண்டுமென்றே கிழக்கே பார்த்து நிற்க வைப்பேன், பந்து தள்ளாடி வரட்டும் என்று. போன வாரம் ஒரு ஆறாம் வகுப்புக் குட்டி, முன்கை இரண்டும் செம்பருத்தி மாதிரி சிவந்துபோய், கண்ணில் மண் விழுந்தும் "மைன், மைன்" என்று கத்திக்கொண்டே தன்னுடையது இல்லாத பந்துக்குக்கூட ஓடினாள். நான் அவளைத் திருத்தவில்லை.

உன் மகளிடம் இந்தக் கடிதத்தைக் கொடு. முழுவதும் படிக்கட்டும், உன்னைப் பற்றி எழுதியிருப்பதையும். அவள் அம்மா எப்படிப்பட்ட ஆட்டக்காரி என்று நீயாக அவளிடம் சொல்லியிருக்க மாட்டாய். அப்புறம் அவளிடம் ஒன்று மட்டும் கேள், அந்தக் கடைசி செட்டில் எந்தப் பந்து அவள் கண்ணுக்குள் நிற்கிறது என்று. பதில் சொல்ல நேரமாகும், காத்திரு.

தேர்வு முடிந்ததும் அவளை இங்கே பத்து நாள் அனுப்பு. நீயும் வா. பொள்ளாச்சியில் பஸ் ஏறினால் கோபாலபுரம் செக்போஸ்ட் தாண்டி நேராக வந்துவிடலாம். முழங்கால் வலித்தால் சொல், ஸ்கூட்டரில் வந்து கூட்டிப் போகிறேன். அதற்குள் முதலமடையில் மாம்பழம் மும்முரமாக இருக்கும், ஒரு பெட்டி வாங்கி வைக்கிறேன். காலை ஐந்தரைக்கு அவளை எழுப்பிவிட்டுவிடு. நீ கோர்ட் ஓரத்தில் நாற்காலி போட்டு உட்கார், என் இடது பக்கமாக.

அன்புடன்,
வள்ளி