ஈழகேசரியின் வரலாற்றைச் சுன்னாகமே திரட்ட வேண்டும்

வலிகாமம் தெற்குப் பிரதேச சபையின் தவிசாளர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும், சுன்னாகம் பொது நூலகத்தின் பொறுப்பாளர்களுக்கும் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது.

குரும்பசிட்டியைச் சேர்ந்த நா. பொன்னையா 1930 ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் தொடங்கிய ஈழகேசரி, 1951 இல் அவர் மறைந்த பின்னரும் நிற்காமல் 1958 வரை வெளிவந்தது. கொழும்பிலிருந்தல்ல, யாழ்ப்பாணத்தில் சந்தையால் பெயர்பெற்ற சுன்னாகம் என்னும் சிறு பட்டினத்திலிருந்து ஒரு தமிழ் வாரப் பத்திரிகை இத்தனை காலம் நிலைத்து நின்றதை நாம் இன்றுவரை போதிய அளவு எண்ணிப் பார்க்கவில்லை என்பதே என் வருத்தம். இப்பத்திரிகையின் வரலாற்றைத் திரட்டுவதைச் சபை தன் சொந்தப் பணிகளில் ஒன்றாக ஏற்க வேண்டும் என்று கேட்டுக்கொள்ளவே இம்மடலை எழுதுகிறேன்.

ஈழகேசரி செய்திகளை அச்சிட்டு விற்றதோடு நின்றுவிடவில்லை. சோ. சிவபாதசுந்தரமும் அவருக்குப் பின் இராஜ அரியரத்தினமும் ஆசிரியர்களாக இருந்த காலத்தில், ஈழத்துச் சிறுகதையின் முன்னோடிகளாக நாம் போற்றும் இலங்கையர்கோன், சம்பந்தன், சி. வைத்தியலிங்கம் ஆகியோரின் எழுத்துக்கு அது களமாயிற்று. அதைவிட முக்கியமானதாக நான் கருதுவது, பள்ளிப் பருவத்து இளைஞர்களுக்காக அது நடத்திய இளைஞர் கழகப் பகுதியை. எழுதிப் பழகும் பிள்ளைகளின் ஆக்கங்களுக்கு ஒரு வாரப் பத்திரிகை இடம் ஒதுக்கியது. அவ்வாறு எழுதத் தொடங்கியவர்களில் அ. செ. முருகானந்தனும் அ. ந. கந்தசாமியும் பின்னாளில் ஈழத்து இலக்கியத்தில் நிலையான இடம் பெற்றார்கள். ஒரு தலைமுறை எழுத்தாளர்களை ஊரிலிருந்தே உருவாக்கிய இந்தப் பணிக்கு ஈடாக வேறொன்றை அக்காலத்து யாழ்ப்பாணத்தில் காட்டுவது கடினம்.

பத்திரிகையோடு வளர்ந்த திருமகள் அழுத்தகம் என்னும் அச்சகத்தையும் இங்கே சேர்த்தே பார்க்க வேண்டும். அயலூரான புன்னாலைக்கட்டுவனைச் சேர்ந்த வித்துவசிரோமணி சி. கணேசையரின் உரைவிளக்கக் குறிப்புகளோடு தொல்காப்பியம் 1937 இலிருந்து பகுதி பகுதியாக வெளிவந்தது இவ்வழுத்தகத்திலிருந்துதான். மூலம், உரை, குறிப்பு என்று வேறுபடும் அளவுகளில் ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகக் கையால் எடுத்துக் கோத்து, பார்வைப்படி எடுத்து, பிழை திருத்தி, மீண்டும் கோத்து அச்சேற்ற வேண்டிய காலம் அது. இலக்கண நூலொன்றில் ஒரு புள்ளி தவறினாலும் பொருள் மாறிவிடும் என்பதை அறிந்தவர்கள், அந்த அச்சுக்கோப்பாளர்களின் உழைப்பை எளிதாக மதிப்பிட மாட்டார்கள். கணேசையரின் பெயரையும் பொன்னையாவின் பெயரையும் நூல் வரலாறுகள் சொல்கின்றன. எழுத்துக் கோத்தவர்களின் பெயர்களை நாம்தான் தேடிச் சேர்க்க வேண்டும்.

இலக்கிய வரலாறுகளில் ஈழகேசரிக்கு இடம் இருக்கும்போது புதிதாக என்ன திரட்டுவது என்று சபையில் ஒருவர் கேட்கலாம். அந்நூல்கள் கதையாசிரியர்களையும் கவிஞர்களையும் தேடிச் சென்றவை. ஊரைத் தேடிச் சென்றவையல்ல. 1931 இல் டொனமூர் அரசியலமைப்பின் கீழ் நடந்த முதலாவது அரசாங்க சபைத் தேர்தலை யாழ்ப்பாணம் பகிஷ்கரித்தபோது ஈழகேசரிக்கு ஒரு வயது. அப்பகிஷ்கரிப்பைப் பற்றி வரலாற்று நூல்கள் பல பக்கங்கள் எழுதியுள்ளன. ஆனால் அந்த வாரங்களில் சுன்னாகத்திலும் உடுவிலிலும் ஏழாலையிலும் மக்கள் எதை வாசித்தார்கள் என்பதை அறிய, அவ்வாரத்துப் பத்திரிகையைக் கையில் எடுப்பதைவிட நல்ல வழி இல்லை. மரண அறிவித்தல், கோயில் உற்சவ அறிவிப்பு, பாடசாலைப் பரிசளிப்பு, கடை விளம்பரம், வாசகர் கடிதம் என்று ஓர் ஊர்ப் பத்திரிகையின் மூலைமுடுக்குகளில் கிடக்கும் செய்திகள்தாம் ஊரின் வரலாற்றுக்கு முதல் ஆதாரம். தலையங்கங்களை மட்டும் தொகுத்துவிட்டு வரலாறு எழுதியாயிற்று என்று நாம் நிறைவடைந்துவிடலாகாது.

வாரத்துக்கு ஒன்று என்று கணக்கிட்டாலும் 28 ஆண்டுகளில் ஆயிரத்து நானூறு இதழ்களுக்கு மேல் வந்திருக்க வேண்டும். அவை ஏன் ஓரிடத்தில் இல்லை என்பதை இப்பகுதி மக்களுக்கு விளக்கத் தேவையில்லை. 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் ஏறத்தாழ 97,000 நூல்களோடும் ஏடுகளோடும் எரிக்கப்பட்டது. 1990 இல் வலிகாமம் வடக்கு மக்கள், பொன்னையா பிறந்த குரும்பசிட்டி மக்கள் உட்பட, போரால் வீடுகளை விட்டுப் பெயர்ந்தார்கள். 1995 இல் வலிகாமம் முழுவதுமே பெயர்ந்தது. உயிரைக் காப்பாற்றிக்கொண்டு ஓடியவர்கள் பழைய பத்திரிகைக் கட்டுகளைத் தூக்கிச் சென்றிருப்பார்கள் என்று எதிர்பார்ப்பதே கொடுமை. இவ்வளவுக்குப் பின்னும் எஞ்சியிருக்கும் ஒவ்வோர் இதழும் யாரோ ஒருவர் அக்கறையோடு காத்து வைத்தது என்பதை நாம் நன்றியோடு நினைக்க வேண்டும்.

2005 இல் தொடங்கிய ‘நூலகம்’ என்னும் பெயருடைய இணையவழி எண்ணிம நூலகம், ஈழத்து இதழ்களைப் பாதுகாப்பதில் பெரும்பணி ஆற்றி வருகிறது. சபை அவர்களோடும் கொழும்பிலுள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தோடும் முறைப்படி தொடர்புகொண்டு, எந்தெந்த ஆண்டின் எந்தெந்த இதழ்கள் எங்கே உள்ளன என்று ஒரு பட்டியலை முதலில் தயாரிக்க வேண்டும். எது இல்லை என்று தெரிந்தால்தான் எதைத் தேடுவது என்பது தெளிவாகும். அதன் பின்னரே வீடுகளுக்குச் செல்ல வேண்டும்; அப்போதும் இதழ்களை நன்கொடையாகத் தரும்படி வற்புறுத்தக் கூடாது. தகப்பனாரோ பேரனாரோ சேர்த்து வைத்ததைப் பிரிய மனமில்லாதவர்கள் பலர் இருப்பார்கள். எழுத்து மூலம் பற்றுச்சீட்டு வழங்கி, படமெடுத்து, குறித்த நாளில் திருப்பிக் கொடுப்போம் என்று சபை உறுதியளித்தால் பெட்டகங்கள் திறக்கும்.

படமெடுக்கும் முறையிலும் கவனம் தேவை. மரக்கூழில் செய்த அக்காலத்துப் பத்திரிகைத் தாள் காலப்போக்கில் பழுத்து, மடிப்பு விழுந்த இடத்தில் விரல் பட்டாலே ஒடிந்துவிடும். அதைக் கண்ணாடிமேல் கவிழ்த்து அழுத்தும் பொறியில் வைப்பது இருப்பதையும் அழிப்பதாகும். தாளை விரித்துக் கிடத்தி மேலிருந்து படமெடுக்க வேண்டும். கட்டுகளைப் பிரிப்பதற்கும் பயிற்சி பெற்ற ஒருவரே வேண்டும். ஆர்வமுள்ள மாணவர்களை மட்டும் நம்பி இப்பணியைத் தொடங்க வேண்டாம். மாணவர்களுக்கு ஏற்ற வேலை ஒன்று உண்டு. படமெடுத்த பக்கங்களை வாசித்து, கிராமத்தின் பெயர், பாடசாலை, கோயில், கடை, மனிதர் என்று அகரவரிசையில் சொல்லடைவு தயாரிக்கும் பொறுப்பை அவர்களிடம் ஒப்படைக்கலாம்.

இவை எல்லாவற்றையும்விட அவசரமானது முதியவர்களின் நினைவு. பத்திரிகை நின்ற ஆண்டில் பத்து வயதாக இருந்தவர்கள் இன்று எழுபத்தைந்து வயதைக் கடந்துவிட்டார்கள். வாசிகசாலையில் ஒருவர் உரத்து வாசிக்கக் கேட்டவர்களும், அழுத்தகத்தில் வேலை செய்தவர்களின் பிள்ளைகளும் இன்னும் நம்மிடையே இருக்கக்கூடும். தாளைப் போலப் பெட்டியில் வைத்துக் காக்க முடியாத இந்தச் செல்வத்தை, நிதி ஒதுக்கீட்டுக்குக் காத்திராமல் இப்போதே ஒலிப்பதிவு செய்யத் தொடங்கலாம்.

சபையின் அடுத்த மாதாந்தக் கூட்டத்தில் இதனை ஒரு பிரேரணையாக எடுத்து, நூலகத்தில் இப்பணிக்கென ஓர் அறையையும் பொறுப்பான அலுவலர் ஒருவரையும் ஒதுக்கித் தருமாறும், தீர்மானம் நிறைவேறியதும் வலிகாமத்தின் எல்லா வாசிகசாலைகளுக்கும் சனசமூக நிலையங்களுக்கும் அறிவித்தல் அனுப்புமாறும் பணிவுடன் வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
வலிகாமத்து வாசகர் ஒருவர்