தென்காசித் தம்பிக்கும் மற்ற எல்லோருக்கும் நன்றி

ஆன் ஆகாமல் செத்துக் கிடந்த என் போன் நேற்று ராத்திரி பதினொன்றரை மணிக்கு உயிர்பெற்றது. படபடப்பு இன்னும் அடங்கவில்லை, ஆனாலும் எழுத உட்கார்ந்துவிட்டேன். நான்கு நாளாக நான் பட்ட பாடு உங்களுக்குத் தெரியும். தீபாவளிக்குத் தைக்க வந்த அத்தனை பேரின் அளவும் அந்த ஒரு போனில்தான் இருந்தது.

லேப்டாப் கொடுத்த பக்கத்து வீட்டுக் கல்லூரிப் பெண், நல்ல கேபிள் தேடி ஈரோடு கடைவீதி முழுக்க அலைந்த அவள் அப்பா, ‘அவசரமில்லக்கா’ என்று பொறுத்துக்கொண்ட வாடிக்கையாளர்கள், எல்லோருக்கும் நன்றி.

அந்தப் பெண்ணின் தோழிக்கு ஒரு அண்ணன். தென்காசியில் செல்போன் சர்வீஸ் கடையில் வேலை. அந்தத் தம்பியின் முகத்தைக்கூட நான் பார்த்ததில்லை. கடையைச் சாத்திய பிறகு தினமும் தானே கூப்பிட்டான். ‘போர்டு போயிடுச்சு, வேற வாங்கிக்கோங்க’ என்று இங்கே ஒரு கடையில் சொன்னதைச் சொன்னேன். “இருக்கலாம்க்கா, ஆனா முதல்ல கேபிளைப் பாப்போம்” என்றான். லேப்டாப்பிலிருந்து போனுக்கு மென்பொருளை மறுபடி ஏற்ற நாங்கள் செருகியிருந்தது, சார்ஜ் மட்டும் ஏற்றுகிற கேபிள். அதை மாற்றியதும் லேப்டாப்பில் ‘டிங்’ என்று சத்தம் வந்தது. அப்புறம் 4032 என்று எரர். பெட்டியில் உள்ள மாடல் எண்ணை எழுத்து எழுத்தாகப் படிக்கச் சொன்னான். போன் பெயர் ஒன்றுதான், ஆனால் அதில் இரண்டு வகை. நாங்கள் இறக்கியது மற்ற வகையின் ஃபர்ம்வேர், அதாவது போனை இயக்கும் மென்பொருள். உள்ளே மெமரி சிப் வேறு என்பதால் அதைத் தொடங்கவே முடியாமல் நின்றிருக்கிறது.

சரியான ஃபைல் வந்ததும், ஒரு வீடியோவில் பார்த்தபடி ‘ஃபார்மேட் ஆல்’ என்பதைத் தேர்ந்தெடுத்து வைத்திருந்தேன். அழுத்துவதற்கு முன்னால் திரையைப் படம் எடுத்து அனுப்பச் சொன்னான். பார்த்த உடனே, “அக்கா, கையை எடுங்க” என்றான். அதை அழுத்தியிருந்தால் அளவுகள் மட்டுமல்ல, போனின் அடையாளமான ஐஎம்இஐ எண்ணும் அழிந்து சிம் சிக்னலே இல்லாமல் போயிருக்குமாம். மென்பொருளை மட்டும் ஏற்றும் ‘டவுன்லோட் ஒன்லி’யை வைத்து, என் அளவுகள் இருக்கும் ‘யூசர்டேட்டா’ என்ற வரியில் இருந்த டிக்கை எடுக்கச் சொன்னான்.

என் குரல் நடுங்கியிருக்க வேண்டும். “இப்ப எதையும் தொடாதீங்க. போய்த் தண்ணி குடிச்சிட்டு வாங்க, நான் லைன்லயே இருக்கேன்” என்றான். இருந்தான். நாள் முழுக்கக் கடையில் நின்றுவிட்டு, சாப்பிட்டானோ இல்லையோ, நான் தண்ணீர் குடித்து வரும்வரை காத்திருந்தான். சிவப்புக் கோடு ஓடி, மஞ்சள் கோடு ஓடி, பச்சை டிக் வந்தபோது என்னைவிடப் பலமாகச் சிரித்தது அவன்தான். “லோகோவுலயே பத்து நிமிஷம் நிக்கும், பயந்து ஆஃப் பண்ணிடாதீங்க” என்று அதையும் முன்கூட்டியே சொல்லிவைத்தான்.

என்னிடம் தையல் பழகும் பெண்கள் துணியைத் தப்பாக வெட்டினால் நான் சத்தம் போட்டிருக்கிறேன். இனி மாட்டேன். கத்தரியை வைத்துவிட்டுத் தண்ணீர் குடித்து வரச் சொல்வேன்.

அளவுகளை நோட்டிலும் எழுதத் தொடங்கிவிட்டேன். காசு வேண்டாம் என்று சொல்லிவிட்டாய். சரி, சட்டையாவது வாங்கிக்கொள் தம்பி. எல்லோர் அளவும் திரும்பக் கிடைத்துவிட்டது, உன் அளவுதான் என்னிடம் இல்லை. இந்த வாரத்துக்குள் அனுப்பிவிடு.