அளற்றுக்காட்டை வற்ற வைத்துவிடாதீர்கள்

கொழும்பில் தமிழில் மிகைபுனைவு உலகொன்றைக் கூட்டாக உருவாக்கிவரும் இளைய எழுத்தாளர்களுக்கு,

வணக்கம். உங்கள் கற்பனை நாட்டின் வரைபடத்தில் தென்மேற்கு மூலையில் கரும்பச்சையாகத் தீட்டப்பட்டிருக்கும் அளற்றுக்காட்டைப் பற்றியே இந்த மடல். வெள்ளவத்தையில் நடந்த வாசிப்பின்போது, இறுதிப் பாகத்தில் இளவரசி சூரியக்கல்லைக் கொண்டு அந்தச் சதுப்பு முழுவதையும் வற்ற வைப்பாள் என்றும், காய்ந்த நிலத்தில் வெண்கல் நகரம் எழும் என்றும் சொன்னீர்கள். எல்லோரும் கைதட்டினார்கள். எனக்குக் கை எழவில்லை. அதன் காரணத்தை அன்று கோவையாகச் சொல்ல வராததால் இப்போது எழுதுகிறேன்.

முதலில், அந்தப் பெயர் எனக்கு மிகவும் பிடித்தது. அளறு என்றால் சேறு. நரகம் என்பதும் அதன் பொருள்தான், வள்ளுவரே அப்படி ஆண்டிருக்கிறார். வேல்வீரருக்கு அஞ்சாத களிற்றையும் கால் புதையும் நிலத்தில் நரி கொன்றுவிடும் என்று சொன்னவரும் அவரே. பேரரசனின் படை அளற்றுக்காட்டில் வலுவிழக்கும் உங்கள் அத்தியாயம் அந்த அறிவின் வழியில் வந்தது. 14ஆம் நூற்றாண்டில் அமைச்சர் அழகக்கோனார் கொழும்பை அடுத்த கோட்டேயில் அரண் எழுப்பியபோது, சுற்றியிருந்த சதுப்பையே பாதுகாப்பாகக் கொண்டார். சேறு அங்கே மதிலாக நின்றது.

அளற்றுக்காட்டின் இரவு விளக்குகளை நீங்கள் வெறும் ஆவிகளாக விட்டுவிட்டீர்கள். நம் பாட்டிமார் கொள்ளிவாய்ப் பேய் என்றது இவற்றைத்தான். 1776இல் அறிவியலாளர் வோல்டா இத்தாலியின் மாஜோரே ஏரிக்கரைச் சதுப்பில் சேற்றைக் கிளறி, குமிழியாக எழுந்த வாயுவைப் பிடித்து, அது எரியும் என்று காட்டினார். காற்றுப் புகாத சேற்றில் செடிகொடிகள் மக்கும்போது பிறக்கும் மெதேன் அது. இதனால் மாயம் குறைந்துவிடாது. இறந்தவை அனைத்தும் அங்கே மெல்ல மெல்ல மூச்சு விடுகின்றன என்று எழுதுங்கள், வாசகர் நடுங்குவார். டென்மார்க்கில் 1950இல் ஒரு சதுப்பில் கரிமண் (செடிகள் மக்கிச் சேர்ந்த, எரிக்கக்கூடிய மண்) வெட்டியவர்கள், இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் முன் இறந்த ஒருவரின் உடலைக் கண்டெடுத்தார்கள். தோல் தொப்பியும் கழுத்தில் சுருக்குக் கயிறும் இருந்தன, தாடையில் அரும்பிய மயிர்கூடக் கெடவில்லை. புளித்த நீரும் காற்றின்மையும் அவரைக் காத்திருந்தன. சதுப்பு தன்னிடம் வந்ததை வைத்திருக்கும். அதுதான் அதன் மந்திரம் என்று நான் நம்புகிறேன், ஆகவேதான் அதை வற்ற வைப்பது எனக்குப் பொறுக்கவில்லை.

2016 மே மாதத்தில் களனி கங்கை பெருகியபோது நான் வெல்லம்பிட்டியில் சித்தி வீட்டில் இருந்தேன். தண்ணீர் வாசலால் வரவில்லை. குளியலறைத் துவாரத்தால், கறுப்பாக, சத்தமில்லாமல் மேலே வந்தது. அரைமணி நேரத்தில் அரிசி வாளி மிதந்தது. சித்தி சுவாமிப் படங்களை மட்டும் அள்ளி அலுமாரியின் மேல் வைத்துவிட்டு, வெறும் நிலமாக இருக்கவேண்டிய இடத்தில் நாம் வீடு கட்டிவிட்டோமா என்று கேட்டார். சுற்றுவட்டாரத்துச் சதுப்புகள் மண் போட்டு நிரப்பப்பட்டு வருவதை அவர் கண்ணாலேயே பார்த்தவர். தேங்க இடமில்லாத நீர் வீடுகளுக்குள் வந்தது. 2018இல் கொழும்பு உலகின் முதல் 18 ஈரநில நகரங்களில் ஒன்றாக, ஈரநிலங்களைக் காக்கும் ராம்சார் உடன்படிக்கையின்கீழ் அங்கீகரிக்கப்பட்ட செய்தியை அவருக்கு நான்தான் வாசித்துக் காட்டினேன். மிஞ்சியதையாவது விட்டுவைப்பார்களா என்பதுதான் அவர் கேட்ட ஒரே கேள்வி.

உங்கள் வெண்கல் நகரத்தில் அப்படி ஒரு சித்தி இருப்பாள் அல்லவா? கரிமண் காய்ந்தால் சுருங்கும், நிலம் இறங்கும், மாளிகைகள் சாயும். முதல் மழைக்காலத்திலேயே நீர் தன் பழைய இடத்தைத் தேடி வரும். சதுப்பு வைத்திருந்த பழைய அரசர்களும் காற்றுப் பட்டதும் சிதைந்துபோவார்கள். இளவரசி சூரியக்கல்லை உயர்த்தத்தான் வேண்டும் என்றால் இத்தனையையும் அவள் கண்முன்னே நடக்க விடுங்கள். அல்லது கல்லைச் சேற்றில் போட்டுவிட்டு, படகோட்டிக் கிழவியிடம் வழி கேட்கட்டும். இரண்டாம் பாகத்தில் நீங்கள் பாதியில் விட்டுவிட்ட அந்தக் கிழவிதான் இந்தக் கதையில் சதுப்பை அறிந்த ஒரே ஆள், அவளிடம் ஒருவரும் இன்னும் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை.

கடைசி அத்தியாயம் இன்னும் திருத்தத்தில் இருப்பதாகச் சொன்னீர்கள். எழுதி முடிக்குமுன் ஒரு விடியற்காலை பெத்தகான ஈரநிலப் பூங்காவுக்கு என்னோடு வாருங்கள். மரப்பலகைப் பாதையின் கீழே கபரகொய்யா என்னும் நீர் உடும்பு நீந்தும்போது நீரில் விழும் தடத்தையும், அது போன பின் சேற்றிலிருந்து ஒவ்வொன்றாக எழும் குமிழிகளையும் பக்கத்தில் நின்று பார்க்கலாம். தேநீரும் பணிஸும் நான் கொண்டுவருகிறேன்.

அன்புடன்,
வெள்ளவத்தையிலிருந்து உங்கள் வாசகி