தெருவிளக்குக் கோப்பில் மூன்று வரி: ஒரு திறந்த மடல்

வேலூர், திருப்பத்தூர், திருவண்ணாமலை மாவட்டங்களில் தெருவிளக்கு டெண்டருக்கு ஒப்புதல் தரும் அதிகாரிகளுக்கு,

வணக்கம்.

ஜவ்வாது மலையடிவாரத்துக் கூட்டுரோடு ஒன்றில் புதிதாக ஓர் உயர்கோபுர விளக்கு எரியத் தொடங்கியிருக்கிறது. ஆறு ஃபிட்டிங். ஆறும் பால்வெள்ளை. ஆறும் தரையைப் பார்க்காமல் 45 டிகிரி தலைநிமிர்ந்து நிற்கின்றன. அவற்றின் ஒளியில் பெரும்பங்கு ரோட்டில் விழுகிறது, ஒரு பங்கு எதிரே வரும் டூவீலர்காரர் கண்ணில் விழுகிறது, மிச்சம் காவலூர் வானத்துக்குப் போகிறது. காவலூரில் என்ன இருக்கிறது என்று உங்களுக்கு நாங்கள் சொல்ல வேண்டியதில்லை. முக்கிய விருந்தினர் வந்தால் முதலில் அங்கேதான் அழைத்துப் போகிறீர்கள்.

எங்கள் கோரிக்கை சிறியது. காவலூரில் உள்ள வைனு பாப்பு வானாய்வகத்தைச் சுற்றி 30 கிலோமீட்டருக்குள் போடப்படும் ஒவ்வொரு தெருவிளக்கு டெண்டரிலும் மூன்று வரி சேர்க்க வேண்டும். அந்த வரிகள் என்ன என்பதைக் கீழே எழுதுகிறோம். ஏன் என்பதை முதலில்.

1968-ல் 38 செ.மீ. தொலைநோக்கி ஒன்றோடு தொடங்கிய இடம் அது. 1972-ல் ஒரு மீட்டர் தொலைநோக்கி வந்தது. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு நட்சத்திரத்தை மறைக்கும் நேரத்துக்காகக் காத்திருந்தவர்கள், மறைப்புக்கு முன்பே நட்சத்திரம் சில விநாடி மங்கியதை அதில்தான் பதிவு செய்தார்கள். யுரேனஸுக்கு வளையம் உண்டு என்று உலகம் அறிந்த இரவில் வட ஆற்காடும் சாட்சி. 1986-ல் 2.34 மீட்டர் கண்ணாடியோடு பெரிய தொலைநோக்கி வந்தது. இந்தியாவிலேயே செய்தது.

அந்த 2.34 மீட்டரைப் பற்றித்தான் பேச வேண்டும். தொலைதூரத்து மங்கலான விண்மீன் மண்டலம் ஒன்றைப் படமெடுக்கும்போது, அதன் ஒளியோடு அதைச் சூழ்ந்த வானத்தின் ஒளியும் கருவிக்குள் விழும். வானத்தின் ஒளியைக் கணக்கில் கழித்துவிடலாம். அது கொண்டுவந்த இரைச்சலை, அதாவது ஒளியளவின் தாறுமாறான ஏற்ற இறக்கத்தை, கழிக்க முடியாது. ஆகவே வானம் இரண்டு மடங்கு வெளிச்சமானால், அதே தரத்தில் பதிவெடுக்க ஒரு மணி நேரத்துக்குப் பதில் இரண்டு மணி நேரம் வேண்டும். இதையே கண்ணாடிக் கணக்கில் சொன்னால், 2.34 மீட்டர் கண்ணாடி 1.65 மீட்டர் கண்ணாடியாகச் சுருங்கிவிடும். அந்தக் கண்ணாடியின் விளிம்பைச் சுற்றி 34 செ.மீ. அகலத்துக்கு யாராவது கறுப்புத் துணியை ஒட்டினால் நீங்கள் போலீஸில் புகார் கொடுப்பீர்கள். அடிவாரத்து விளக்குகள் அதே துணியை ஒட்டும்போது திறப்பு விழாவுக்குப் போகிறீர்கள்.

நேரத்தை நீட்டித்துக்கொள்ளலாமே என்று தோன்றலாம். நீட்ட இரவு இல்லை. ஜூனுக்குப் பிறகு தென்மேற்கு மேகம், அக்டோபர் தொடங்கி வடகிழக்குப் பருவமழை. ஜனவரி முதல் மே வரைதான் காவலூருக்கு அறுவடைக் காலம். அதிலும் நிலா வெளிச்சம் உள்ள இரவுகள் மங்கலான பொருள்களுக்கு ஆகாது.

இனி நிறம். பழைய சோடியம் விளக்கின் ஒளி பெரும்பாலும் மஞ்சள், ஆரஞ்சுப் பகுதியில் குவிந்திருந்தது. ஒளியை நிறம் நிறமாகப் பிரித்துக் காட்டும் நிறமாலையில் அந்தப் பட்டையை ஒதுக்கிவிட்டு மற்றதைப் படிக்க முடிந்தது. வெள்ளை எல்.இ.டி.யில் 450 நானோமீட்டர் அலைநீளம் அருகே ஒரு நீலக் கூர்முனை, அதற்கப்பால் சிவப்பு வரை நீளும் ஒரு மேடு. ஒதுக்க இடமே இல்லை. ஆய்வாளர்கள் தேடும் ஹைட்ரஜன் கோடுகளும் ஆக்சிஜன் கோடுகளும் அந்த மேட்டுக்குள்தான் கிடக்கின்றன. போதாததற்கு, காற்று நீல ஒளியை அதிகமாகச் சிதறடிக்கும். 590 நானோமீட்டர் மஞ்சளைவிட 450 நானோமீட்டர் நீலம் சுமார் மூன்று மடங்கு சிதறும். பகலில் வானம் நீலமாக இருக்க எது காரணமோ, அதுவே இரவில் வாணியம்பாடிக்கு மேலும் ஆம்பூருக்கு மேலும் வெளுத்த குடையாக நிற்கிறது.

நிறத்தைவிட மோசமானது சாய்வு. நேரே மேலே போகும் ஒளி காற்றைச் சீக்கிரம் தாண்டிவிடும். அடிவானத்துக்குச் சற்று மேலாகப் போகும் ஒளிதான் பல கிலோமீட்டர் தாழ்ந்த காற்றிலும் தூசியிலும் புகுந்து, வழியெல்லாம் சிதறி, தூரத்து மலையின் வானத்தைக் கெடுக்கும். இது எப்படி நடக்கிறது என்று பார்க்க ஆலங்காயம் ரோட்டில் ஏதாவது ஒரு பழைய போஸ்ட்டின் கீழ் நின்றால் போதும். சோடியம் விளக்குக்காக அன்று மேல்நோக்கி வளைத்த ஜி.ஐ. பைப் கை அப்படியே இருக்கும். பழைய ஃபிட்டிங்கைக் கழற்றிய ஒப்பந்ததாரர் புது எல்.இ.டி.யை அதே கையில் சொருகி, போல்ட்டை முடுக்கிவிட்டுப் போயிருப்பார். கைக்கு எவ்வளவு சாய்வோ, விளக்குக்கும் அவ்வளவு சாய்வு. பல ஃபிட்டிங்குகளில் சாய்வைத் திருத்தவே ஒரு மூட்டு உண்டு. ஆலன் கீயால் இரண்டு போல்ட்டைத் தளர்த்தி, மேலே ரசமட்டத்தை வைத்து, குமிழ் நடுவில் வந்ததும் முடுக்க வேண்டும். கம்பம் ஒன்றுக்குச் சில நிமிட வேலை. யாரும் செய்வதில்லை, ஏனென்றால் செய்யச் சொல்லி எந்தத் தாளிலும் இல்லை.

ஆகவே அந்தத் தாளில் இந்த மூன்று வரியைச் சேர்க்கக் கேட்கிறோம்.

ஒன்று: நிற வெப்பநிலை (ஒளியின் நிறத்தைச் சொல்லும் அளவு; எண் குறைந்தால் மஞ்சள், கூடினால் நீலம் கலந்த வெள்ளை) 2700 கெல்வினுக்கு மேல் இருக்கக்கூடாது, வானாய்வகத்துக்கு 10 கிலோமீட்டருக்குள் என்றால் ஆம்பர் என்ற மஞ்சள்-ஆரஞ்சு நிறம். இரண்டு: தட்டைக் கண்ணாடி, சாய்வு 0 டிகிரி, கிடைமட்டத்துக்கு மேல் செல்லும் ஒளி 0 சதவீதம்; இதற்கான ஒளியளவு அறிக்கை டெண்டரோடு வர வேண்டும், ரசமட்டம் வைத்துப் பார்த்த பிறகே பில் பாஸ் ஆக வேண்டும். மூன்று: இரவு 11 மணிக்கு மேல் தானாகவே பாதி வெளிச்சத்துக்கு இறக்கும் டிரைவர் (விளக்குக்கு மின்சாரத்தைக் கட்டுப்படுத்தித் தரும் கருவி).

இரண்டாவது வரியின் பின்பாதியை நீக்கிவிட்டால் முன்பாதி வெறும் அலங்காரம். அனுபவமுள்ள எந்த உதவிப் பொறியாளரும் இதை ஒப்புக்கொள்வார். இதில் எதுவும் புதிதும் இல்லை. இந்தியத் தர நிர்ணய அமைப்பின் ஐ.எஸ். 1944 சாலை விளக்கு நெறியிலேயே பக்கவாட்டிலும் மேலும் ஒளி தப்பாமல் அடக்கும் கட்-ஆஃப் விளக்கு என்ற வகை இருக்கிறது.

இருட்டைக் கேட்கிறோம் என்று யாரும் திரித்துவிட வேண்டாம். மலைக் கிராமத்தில் இரவில் நடப்பவருக்குப் பாம்பு தெரிய வேண்டும். அதற்கு வெளிச்சம் காலடியில் விழ வேண்டும். கண்ணில் அடிக்கும் 6500 கெல்வின் வெள்ளை கண்மணியைச் சுருக்கிவிடுகிறது. போஸ்ட்டைத் தாண்டி நான்கு எட்டு வைத்தால் எதிரே இருப்பது எருமையா மனிதனா என்று தெரிவதில்லை. மேலே தப்பிப் போகும் ஒளியைத் தரைக்குத் திருப்பினால் குறைந்த வாட்டிலேயே அதே ரோடு தெரியும். மஞ்சள் சாயல் கொண்ட வார்ம் எல்.இ.டி.க்கு ஒரு வாட்டுக்குக் கிடைக்கும் வெளிச்சம் சற்றுக் குறைவு, அதை நாங்கள் மறைக்கவில்லை. அந்த இழப்பை மூன்றாவது வரி ஈடுகட்டிவிடும்.

சரிபார்க்க ஆய்வுக்கூடமும் தேவையில்லை. மலைப்பாதையில் ஒரு வளைவில் நின்று கீழே பாருங்கள். வெளிச்சம் விழுந்த தரை மட்டும் தெரிந்தால் விளக்கு சரி. விளக்கே தெரிந்தால் அது தவறு.

அறிவியல் மனப்பான்மையை வளர்ப்பது குடிமக்களின் கடமை என்று அரசமைப்புச் சட்டத்தின் 51ஏ(எச்) பிரிவு சொல்கிறது. நல்லது, குடிமக்கள் முயல்கிறோம். ஆண்டுதோறும் பிப்ரவரி 28 அன்று தேசிய அறிவியல் தினத்தில் நீங்களும் மேடையேறி அதையே சொல்கிறீர்கள், தலைக்கு மேலே ஃப்ளட்லைட் எரிய. ஒரு அரசு பணம் போட்டு வானத்தைப் பார்க்கக் கண் வைக்கிறது. இன்னொரு அரசு பணம் போட்டு அந்தக் கண்ணில் டார்ச் அடிக்கிறது. இரண்டு கோப்பும் எந்த மேசையிலும் சந்திப்பதே இல்லை. பழைய வட ஆற்காடாக இருந்திருந்தால் இந்த மடல் ஒரே ஆட்சியருக்குப் போயிருக்கும். 1989-லும் 2019-லும் பிரித்த பிறகு மலை ஒரு பக்கம், அதன் அடிவாரம் இன்னொரு பக்கம். எல்லோரும் மற்ற மாவட்டத்தைக் கைகாட்டலாம்.

பாலாற்றிலும் இதுதான் நடந்தது. தோல் தொழிற்சாலைக் கழிவின் உப்பு நிலத்தடி நீரில் இறங்கும் என்பது யாருக்கும் தெரியாத அறிவியல் இல்லை. அதைக் கேட்க வைக்க உச்ச நீதிமன்றம் போக வேண்டியிருந்தது. 1996 ஆகஸ்ட் 28 அன்று தீர்ப்பு வந்தது. முன்னெச்சரிக்கைக் கோட்பாட்டை நாட்டின் சட்டக் கல்லூரி மாணவர்கள் எல்லோரும் இன்று வேலூர் வழக்கு என்ற பெயரில்தான் படிக்கிறார்கள். 2025 ஜனவரியில் அதே ஆற்றுக்காக அதே நீதிமன்றம் மறுபடி தீர்ப்பெழுத வேண்டியதாயிற்று. முன்னெச்சரிக்கைக்குப் பெயர் கொடுத்த ஊர் முன்னெச்சரிக்கையாக எதைச் செய்தது என்று கேட்டால் பதில் சொல்லச் சங்கடமாக இருக்கிறது.

மன்னிக்கவும், ஆற்றுக்குப் போய்விட்டோம். ஆனால் ஒரு வித்தியாசத்தைச் சொல்லத்தான் அங்கே போனோம். மண்ணில் இறங்கிய உப்பை எடுக்க எத்தனை ஆண்டானாலும் முடியவில்லை. வானத்தில் ஏறிய வெளிச்சமோ விளக்கைத் திருப்பிய அதே இரவில் போய்விடும். லடாக்கின் ஹான்லேயில் இது நடக்கிறது. காவலூரை நடத்தும் இந்திய வான்இயற்பியல் நிறுவனத்தின் இன்னொரு வானாய்வகம் அங்கே இருக்கிறது. 2022-ல் அதைச் சுற்றி இருள்வானக் காப்பகம் அறிவிக்கப்பட்டது. விளக்குக்கு மூடி, ஜன்னலுக்குத் திரை. ஊரும் இருக்கிறது, வானமும் இருக்கிறது.

எனவே பணிவுடன் மறுபடி கேட்கிறோம். அடுத்த டெண்டரில் அந்த மூன்று வரி. ஏற்கெனவே எரிகிற கம்பங்களுக்கு ஓர் ஆலன் கீயும் ஒரு ரசமட்டமும். கூட்டுரோட்டு உயர்கோபுரத்தின் வின்ச்சைச் சுற்றிக் கூண்டைக் கீழே இறக்கினால், ஆறு ஃபிட்டிங்கையும் தட்டையாக்க ஒரு பகல் போதும். அகன்ற ஒளிக்கான லென்ஸ் உள்ள ஃபிட்டிங்காக மாற்றினால் இன்னும் நல்லது. டிசம்பர் மழை ஓய்ந்து ஜனவரி வானம் தெளிவதற்குள் செய்து தர வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
தெருவிளக்கு வேலையும் இரவு வானமும் அறிந்த சிலர்,
வாணியம்பாடி – ஆலங்காயம் வட்டாரம்.